நாய்க்கு எழுதிய சீட்டில் 'எஸ்.ஐ.டி.' என்றால் என்ன?

நாய்க்கு டாக்டர் எழுதிய சீட்டைப் பார்த்து மெடிக்கல் ஷாப்காரர் முழித்ததாகச் சொல்லி, அதிலிருந்த 'எஸ்.ஐ.டி.' என்றால் என்ன என்று கேட்டிருக்கிறீர்கள். அவர் மேல் தப்பில்லை. 'எஸ்.ஐ.டி.' பெரும்பாலும் கால்நடை மருத்துவர்கள் மட்டுமே புழங்கும் சுருக்கம்: நாளைக்கு ஒரு வேளை. நமக்கென்றால் 'ஓ.டி.' என்று எழுதுவார்கள். 'பி.ஐ.டி.' என்றால் இரண்டு வேளை. காலை 8 மணிக்குக் கொடுத்தால் அடுத்தது இரவு 8 மணிக்கு.

பலரும் கோட்டை விடுவது சிரப்பில்தான். பாட்டிலில் '5 மி.லி.யில் 50 மி.கி.' என்று இருந்தால், 1 மி.லி.யில் 10 மி.கி. மருந்து. டாக்டர் 20 மி.கி. எழுதியிருந்தால் கொடுக்க வேண்டியது 2 மி.லி. மி.கி.யை மி.லி. என்று படித்து 20 மி.லி. ஊற்றினால் பத்து மடங்கு உள்ளே போய்விடும்! ஸ்பூன் வேண்டாம், ஊசி கழற்றிய சிரிஞ்சில் அளந்து கொடுங்கள்.

இந்தியாவில் விற்கும் கால்நடை மருந்து லேபிளில் விலங்கின் தலைப் படமும், மனிதர்களுக்கு அல்ல என்ற எச்சரிக்கையும் இருக்கும். அது இல்லாமல் மனிதர்களுக்கான சிரப்பையே எழுதியிருந்தால், சேர்மானங்களில் 'சைலிட்டால்' இருக்கிறதா என்று பாருங்கள். அந்த இனிப்பு நாய்க்கு விஷம். வீட்டில் பூனையும் இருந்தால், பாராசிட்டமாலை அதன் பக்கமே கொண்டுபோகாதீர்கள்.