கலவைக் கணக்கில் தடுமாறும் மகளும் பெரியப்பாவின் டாக்டர் கனவும்

தென்னாப்பிரிக்காவில் டர்பன் நகரின் சாட்ஸ்வொர்த்திலிருந்து எழுதிய அம்மாவுக்கு,

9ஆம் வகுப்பு மகள் கலவைக் கணக்கில் மதிப்பெண் இழந்தாள் என்று கலங்குகிறீர்கள். கலக்கம் புரிகிறது. ஆனால் பெரியப்பா சொல்லும் வழி தவறு. டர்பனில் மருத்துவ இடம் கிடைக்காவிட்டால் வீட்டை அடமானம் வைத்து வெளிநாட்டுக்கு அனுப்பலாம் என்கிறார். அங்கே படித்துத் திரும்பினாலும், நம் சுகாதாரத் தொழில் கவுன்சிலின் தேர்வில் தேறாமல் இங்கே மருத்துவம் பார்க்க முடியாது. அதற்காக வீட்டை வைக்கவே கூடாது. அவள் டாக்டராக வேண்டும் என்று கேட்கவும் இல்லை. அளந்து கலப்பதும் பள்ளி ஆய்வகமும்தான் அவளுக்குப் பிடிக்கும் என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள்.

அவள் விடைத்தாளில் இருப்பது இரண்டே பிழைகள். மருந்தும் தண்ணீரும் 1:4, மொத்தம் 5 லிட்டர். அவள் 5ஐ 4ஆல் வகுத்து 1.25 லிட்டர் மருந்து என்று எழுதிவிட்டாள். பங்குகள் 1+4, ஆக 5. மருந்து 1 லிட்டர், தண்ணீர் 4 லிட்டர். அவள் விடைப்படி கலந்தால் விகிதம் 1:3 ஆகி, மருந்தின் வீரியம் கூடிவிடும்.

அடுத்தது, 20% கரைசலையும் 50% கரைசலையும் கலந்து 12 லிட்டர் 30% கரைசல் செய்வது. அவள் அளவுகளை மாற்றிப் போட்டிருக்கிறாள். 20% கரைசலின் ஒவ்வொரு லிட்டரும் இலக்குக்கு 10 குறைவு, 50% கரைசலின் ஒவ்வொரு லிட்டரும் 20 கூடுதல். ஒரு லிட்டரின் கூடுதலை ஈடுகட்ட இரண்டு லிட்டரின் குறைவு வேண்டும். எனவே 2:1, அதாவது 8 லிட்டரும் 4 லிட்டரும். சரிபார்க்க 1.6+2=3.6, 12இல் 30% அதேதான். இலக்குக்கு அருகில் உள்ள கரைசல்தான் அதிகம் சேரும் என்பது மனதில் பதிந்தால் இந்தப் பிழை திரும்ப வராது.

கணிதத்துக்குப் பதிலாக எடுக்கும் எளிய பாடமான மேத்ஸ் லிட்டுக்கு மாற்றிவிடலாமா என்று கேட்டிருந்தீர்கள். வேண்டாம். இந்த இரண்டு பிழைகளுக்காக மாற்றினால் பல கதவுகள் மூடிவிடும்.

நம்மவர்கள் கண்டுகொள்ளாத படிப்பு ஒன்று பக்கத்திலேயே இருக்கிறது. டர்பன் தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்திலும் உம்லாசியில் உள்ள மங்கோசுத்து தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்திலும் பகுப்பாய்வு வேதியியல் டிப்ளமோ உண்டு. குடிநீர், பெயின்ட், சர்க்கரை, மருந்து என்று எதில் என்ன எவ்வளவு கலந்திருக்கிறது என்று அளந்து சொல்லும் வேலை. அவள் தடுமாறிய அதே கணக்கு அங்கே தினசரிப் பாடு. லிட்டருக்கு 12 மோல் (பொருளின் அளவைச் சொல்லும் வேதியியல் அலகு) உள்ள அடர் ஹைட்ரோகுளோரிக் அமிலத்திலிருந்து லிட்டருக்கு 0.6 மோல் உள்ள கரைசல் 500 மி.லி. வேண்டுமென்றால், 0.6×500÷12, அதாவது 25 மி.லி. எடுக்க வேண்டும். அமிலத்தைத்தான் தண்ணீரில் மெல்ல ஊற்ற வேண்டும், மாற்றி ஊற்றினால் சூடாகித் தெறிக்கலாம். 475 மி.லி. தண்ணீரைத் தனியாக அளந்து சேர்ப்பதும் இல்லை. குடுவையின் 500 கோடு வரை நிரப்புவார்கள். கலந்தால் கன அளவுகள் அப்படியே கூடுவதில்லை. 50 மி.லி. எத்தனாலும் 50 மி.லி. தண்ணீரும் சேர்ந்தால் 100 வராது, ஏறக்குறைய 96 அல்லது 97தான். பள்ளிப் புத்தகம் சொல்லாத இந்த நுணுக்கத்தைக் கேட்டால் உங்கள் மகளுக்குக் கண் மலரும்.

செலவு விஷயம். இவை அரசுப் பல்கலைக்கழகங்கள். வீட்டு வருமானம் ஆண்டுக்கு 350,000 ராண்டுக்குள் இருந்தால் அரசின் மாணவர் நிதியுதவித் திட்டமான என்எஸ்ஃபாஸ் உதவித்தொகைக்கு விண்ணப்பிக்கலாம். தனியார் கல்லூரிக்கு அது கிடையாது, ஆகவே கவர்ச்சியான விளம்பரத்தைப் பார்த்து முன்பணம் கட்டிவிடாதீர்கள்.

10ஆம் வகுப்புப் பாடத் தேர்வுப் படிவத்தில் கணிதம், இயற்பியல்-வேதியியல் இரண்டையும் குறியுங்கள். கையெழுத்துப் போடும் முன் படிவத்தை மகள் கையில் கொடுத்து ஒருமுறை படிக்கச் சொல்லுங்கள்.