வாசகர் கேள்வி – பதில்: நடித்த சம்பளத்தில் எடுத்த படங்கள்

கேள்வி: பெரிய தயாரிப்பாளரின் தயவின்றி, ஒரு நடிகர் தாமே கதை எழுதிப் படமும் தயாரிக்க முடியுமா? – வாசகர், திருநெல்வேலி

பதில்: முடியும் என்று காட்டியவர் அமெரிக்க நடிகர் ஜான் கசாவெட்டிஸ், ஆனால் அவர் நடந்த வழி சுகமானதன்று. 'ரோஸ்மேரிஸ் பேபி' (1968) போன்ற பிறர் படங்களில் நடித்து ஈட்டிய சம்பளத்தைத் தம் படங்களில் கொட்டிய அவர், 'ஃபேசஸ்' படத்தின் பெரும்பகுதியைத் தம் வீட்டிலேயே 16 மி.மீ. படச்சுருளில் எடுத்தார், அதன் திரைக்கதை ஆஸ்கர் பரிந்துரை வரை சென்றது. 'எ வுமன் அண்டர் தி இன்ஃப்ளூயன்ஸ்' (1974) படத்துக்கோ வீட்டையே அடமானம் வைத்தார். அதில் நாயகனாக நடித்த பீட்டர் ஃபாக்கும் பணம் போட்டார். விநியோகிக்க ஆள் கிடைக்காமல், கசாவெட்டிஸ் திரையரங்குகளுடன் தாமே பேசி வெளியிட்டார். நாயகி அவர் மனைவி ஜீனா ரோலண்ட்ஸ். சம்பள பாக்கி வீட்டுக் கணக்கில் சேர்ந்திருக்கும் என்பது என் ஊகம்!