ஹிப்னோடிசம் டிப்ளோமாவுக்குக் காசு கட்டலாமா?

வணக்கம் அம்மா. உயர்தரப் பரீட்சை எழுதிவிட்டு வீட்டில் இருக்கும் மகன், திருகோணமலையில் ஒரு மேடை நிகழ்ச்சியைப் பார்த்த நாளிலிருந்து ஹிப்னோடிசம், அதாவது மனவசியம்தான் படிப்பேன் என்று ஒற்றைக்காலில் நிற்பதாக எழுதியிருந்தீர்கள். பிள்ளையை ஏச வேண்டாம். அதற்கான ஒன்லைன் டிப்ளோமாவுக்குக் காசு மட்டும் இப்போது கட்டாதீர்கள்.

மேடையில் முதலில் சபையில் எல்லோரையும் விரல்களைக் கோத்து இறுக்கிப் பிடிக்கச் சொல்வார்கள். "ஒட்டிவிட்டது, இழுத்தாலும் வராது" என்பார்கள். பிரிக்க முடியாமல் திணறுகிறவர்களைத்தான் மேலே கூப்பிடுவார்கள். சொன்னதற்கு இலகுவில் இசைகிறவர்கள் யாரென்று அங்கேயே தெரிந்துவிடுகிறது. அது கலை, நல்லாகச் செய்தால் மரியாதைக்குரிய கலை. பிரித்தானியாவில் இதற்கு 1952 முதல் தனிச்சட்டமே உண்டு. 18 வயதுக்குக் குறைந்தவரை மேடையில் வசியப்படுத்தக் கூடாது.

ஹிப்னோடிசத்தால் செய்யும் சிகிச்சை வேறு. நோயாளி தூங்குவதில்லை. கண்ணை மூடி, மூச்சைக் கவனித்து, மனதை ஒன்றில் குவிக்கிறார். அப்போது சொல்லப்படும் வார்த்தைகள் வலியையும் பதற்றத்தையும் தணிக்கலாம். பிரித்தானிய மருத்துவச் சங்கம் 1955இலேயே இதை ஏற்றுக்கொண்டது. ஆனால் பொறுப்பாகச் செய்பவர் ஏற்கெனவே வைத்தியராக, பல் வைத்தியராக, உளவியலாளராக இருப்பார். ஹிப்னோடிசம் அவர் கையிலுள்ள கருவிகளில் ஒன்று, அவ்வளவுதான்.

என் கவலை இதுதான். யுத்தத்தையும் 2004 சுனாமியையும் கண்ட ஊர் நம்முடையது. பிள்ளையைப் பறிகொடுத்த ஒரு தாய் உங்கள் மகன் முன்னால் கண்ணை மூடி உட்கார்ந்து, பாதியில் உடைந்து அழுதால் அவன் என்ன செய்வான்? பழைய நினைவைத் தோண்டுகிறேன் என்று போனால், நடக்காததும் நடந்ததுபோல மனதில் பதிந்துவிடலாம். குறுகிய டிப்ளோமா அதற்கெல்லாம் ஆளைத் தயார்படுத்தாது.

மகன் படித்தது கலைப் பிரிவு என்கிறீர்கள். அப்படியானால் பேராதனைப் பல்கலைக்கழகத்தில் உளவியல் படிக்க வழியிருக்கிறது. சிறப்புப் பட்டம் எடுத்த பிறகு கொழும்பு மருத்துவ பீடத்தில் மருத்துவ உளவியல் எம்ஃபில் என்ற மேற்பட்டம் இருக்கிறது. நீண்ட பாதைதான். பெறுபேறு வரும்வரை ஆங்கிலத்தைப் பிடிக்கட்டும், மேற்படிப்புக்கு அது இல்லாமல் முடியாது. மேடைதான் வேண்டுமென்றால் நாடகம் பழகட்டும், அதையும் மறிக்காதீர்கள்.

பெறுபேறு வந்ததும் மகனையும் கூட்டிக்கொண்டு வாருங்கள். பல்கலைக்கழக அனுமதிக்குப் பார்க்கும் இசட் புள்ளியை வைத்துக்கொண்டு விண்ணப்பத்தில் எதை முதலில் போடுவது என்று பார்ப்போம்.