அப்பாவின் தகரப் பெட்டியில் இரண்டு 2ஏ3

கேள்வி: அண்ணாச்சி, எங்கள் அப்பா வீரவநல்லூரில் மைக்செட் வைத்திருந்தார். அவர் காலத்துக்குப் பிறகு பரணை ஒதுக்கும்போது ஒரு தகரப் பெட்டியில் பழைய ரேடியோ, ஆம்ப்ளிஃபையர்களில் எரியும் வால்வுகள் கிடைத்தன. 2ஏ3 இரண்டு, 6ஜே5 நான்கு. இத்தனை வருடம் கிடந்தவை வேலை செய்யுமா? வீட்டில் பாட்டுக் கேட்க இவற்றை வைத்து ஒரு ஸ்டீரியோ ஆம்ப்ளிஃபையர் கட்ட முடியுமா? பழைய ரேடியோவில் கழற்றிய அவுட்புட் டிரான்ஸ்ஃபார்மரும், கோயில் கொடைக்குக் கட்டிய குழாய் ஸ்பீக்கரும் கிடக்கின்றன. அவற்றையே போட்டுக்கொள்ளலாமா?

பதில்: தம்பி, முதலில் அந்தப் பெட்டியைப் பத்திரமாக வையுங்கள். அப்பா தெரிந்தேதான் எடுத்து வைத்திருப்பார் என்று தோன்றுகிறது. ஒரு பக்கத்துக்கு ஒரு 2ஏ3, இரண்டு 6ஜே5 என்று ஸ்டீரியோவுக்கு எண்ணிக்கை அப்படியே சரியாக வருகிறது. வால்வு சும்மா கிடப்பதால் கெடுவதில்லை. உள்ளே காற்று புகாமலும் கம்பி அறுந்துபோகாமலும் இருந்தால் ஐம்பது வருடம் கழித்தும் எரியும்.

2ஏ3 ஒரு டிரையோடு. கண்ணாடிக்குள் ஃபிலமெண்ட், கிரிட், பிளேட் என்று மூன்றே உறுப்புகள்தான். அமெரிக்காவின் ஆர்சிஏ நிறுவனம் 1933 வாக்கில் கொண்டுவந்தது. இதில் ஃபிலமெண்ட்டே கேத்தோடு, அதாவது எலக்ட்ரானை வெளியிடும் உறுப்பு. சூடாகும் கம்பியிலிருந்தே எலக்ட்ரான் நேராகக் கிளம்புகிறது. உட்புற மின்தடை 800 ஓம்தான் என்பதால், ஃபீட்பேக் (வெளியே போகும் ஒலியில் கொஞ்சத்தைத் திருப்பி உள்ளே விட்டுத் திருத்துவது) எதுவும் இல்லாமலே ஸ்பீக்கரை நன்றாகப் பிடித்து நிறுத்தும். வெளிச்சந்தையில் 300பி, 300பி என்று பேசுகிறார்கள். அது நல்ல வால்வுதான், 8 வாட் வரை தரும். ஆனால் அதன் ஃபிலமெண்ட் 5 வோல்ட், 2ஏ3-க்கு 2.5 வோல்ட். ஏசியில் எரித்தால் 2ஏ3-ல் இரைச்சல் குறைவு. முதன்முதலாகக் கட்டுகிறவருக்கு நான் 2ஏ3-யைத்தான் சொல்வேன்.

சோதனையைக் கண்ணால் தொடங்குங்கள். கண்ணாடியில் வெள்ளிப் பூச்சு போல ஒரு இடம் மினுங்கும். அது மினுங்கினால் நல்லது. பால் வெள்ளையாக மாறியிருந்தால் காற்று புகுந்துவிட்டது, அந்த வால்வுக்கு உயிர் இல்லை. 6ஜே5 இரும்புக் கூடு போட்டதாக இருந்தால் இதைப் பார்க்க முடியாது. துடைக்கும்போது வால்வில் அச்சிட்ட எழுத்தின் மேல் விரல் படவே கூடாது, ஈரத்தோடு அச்சு வந்துவிடும். மங்கிப்போன எழுத்து, கண்ணாடி மேல் வாயால் ஊதினால் ஒரு நொடி தெரியும்.

அப்புறம் 2ஏ3-யை வெளிச்சத்தில் பிடித்து உள்ளே பாருங்கள். கறுப்புப் பிளேட் ஒரே பெரிய பெட்டியாக இருக்கிறதா, பக்கத்தில் பக்கத்தில் இரண்டு பெட்டியாக இருக்கிறதா? ஆரம்ப காலத்து 2ஏ3 ஒற்றைப் பிளேட்டோடு வந்தது, அது அரிது. பிறகு வந்தவை இரட்டைப் பிளேட். ஒற்றைப் பிளேட்டாக இருந்தால், யாராவது "பழைய சாமான்தானே" என்று விலை கேட்டால் கொடுத்துவிடாதீர்கள். இரட்டைப் பிளேட்டாக இருந்தாலும் பாட்டுக்கு ஒரு குறையும் இல்லை.

அடிப்பாகத்தில் நான்கு பின். தடித்த இரண்டும் ஃபிலமெண்ட். மல்டிமீட்டரை அவற்றில் வைத்தால் ஒரு ஓம்முக்கும் குறைவாக, கிட்டத்தட்ட ஷார்ட் போலக் காட்டும். அது ஷார்ட் இல்லை, அப்படித்தான் காட்ட வேண்டும். மெல்லிய பின் இரண்டும் மற்ற எதோடும் தொடர்பு காட்டக் கூடாது. மீட்டரை வைத்தபடியே பென்சிலால் கண்ணாடியை லேசாகத் தட்டிப் பாருங்கள். முள் ஆடினால் உள்ளே ஏதோ தொடுகிறது. கண்ணாடி அடிப்பாகத்தில் சுழன்றால் திருகிப் பார்க்காதீர்கள், கம்பிகள் முறுக்கிக்கொள்ளும். முதலில் ஒட்டிவிடுங்கள்.

சரி, ஆம்ப்ளிஃபையருக்கு வருவோம். 2ஏ3-க்கு பிளேட்டில் 250 வோல்ட், 60 மில்லிஆம்பியர், கிரிட்டுக்கு மைனஸ் 45 வோல்ட், 2500 ஓம் லோடு. இப்படி வைத்தால் 3.5 வாட் வரும். 750 ஓம், 10 வாட் ரெசிஸ்டர் ஒன்றை பயாஸுக்கு (கிரிட்டை மைனஸில் நிறுத்தும் வோல்ட்டுக்கு) வைத்தால் 45 வோல்ட் தானாகவே அமைந்துவிடும். அதனால் சப்ளை 300 வோல்ட்டுக்குச் சற்று மேல் இருக்க வேண்டும். ஒவ்வொரு 2ஏ3-க்கும் தனி ஃபிலமெண்ட் வைண்டிங், தனி ரெசிஸ்டர் கொடுத்துவிட்டால் இரண்டு வால்வும் அச்சு அசலாக ஒத்துப்போக வேண்டும் என்ற கவலை இல்லை. முழுச் சத்தம் வர 2ஏ3-யின் கிரிட்டை 45 வோல்ட் உச்சம் வரை ஆட்ட வேண்டும். அந்த வேலை 6ஜே5-க்கு. ஒரு 6ஜே5 பதினைந்து மடங்கு அளவில்தான் பெருக்கும். செல்போனிலிருந்து ஒரு வோல்ட்டுக்கும் குறைவாகத்தான் வருகிறது. ஆகவே ஒன்று போதாது, இரண்டை அடுத்தடுத்துப் போட வேண்டும்.

இனி நான் நிறையச் சொல்ல வேண்டியது வால்வுக்கும் ஸ்பீக்கருக்கும் நடுவில் வரும் அவுட்புட் டிரான்ஸ்ஃபார்மர் பற்றி. ரேடியோவில் கழற்றியது ஆகாது. அது வேறு வகை வால்வுக்குச் சுற்றியது, இரும்பும் சிறியது, 60 மில்லிஆம்பியரைத் தாங்காது. புதிதாகச் சுற்றத்தான் வேண்டும். நம் பக்கம் மோட்டாருக்கும் ஸ்டெபிலைசருக்கும் சுற்றும் வைண்டிங் கடைகளுக்குக் குறைவில்லை, கைவேலையும் சுத்தமாக இருக்கும். ஆனால் ஒன்றை நீங்கள் சொல்லாவிட்டால் அவர்களுக்குத் தெரிய வழியில்லை. கரண்ட்டுக்கான டிரான்ஸ்ஃபார்மரில் இ, ஐ ஸ்டாம்பிங்கை (ஆங்கில E, I வடிவ இரும்புத் தகடுகளை) ஒன்று இந்தப் பக்கம், ஒன்று அந்தப் பக்கம் என்று மாற்றி மாற்றிச் செருகுவார்கள். நமக்கு அப்படிச் செருகக் கூடாது. ஒற்றை வால்வு என்பதால் பிரைமரியில் (வால்வுப் பக்கச் சுற்றில்) எப்போதும் டிசி ஓடிக்கொண்டே இருக்கும். இடைவெளி இல்லாத இரும்பு அந்த டிசியிலேயே நிறைந்துபோய், பாட்டுக்கு இடம் கொடுக்காது.

என் முதல் ஆம்ப்ளிஃபையரில் இதுதான் நடந்தது. பாளையங்கோட்டையில் ஒரு கடையில் சுற்றிக் கொடுத்தார்கள், நான் எதுவும் சொல்லவில்லை. வில்லுப்பாட்டு ஒலிப்பதிவைப் போட்டால் குரல் கணீரென்று வருகிறது, உடுக்கை வருகிறது, குடத்தின் அந்தக் 'கும்' மட்டும் தகரத்தைத் தட்டியது போலக் கேட்கிறது. வால்வைச் சந்தேகித்து ஒரு மாதம் போனது. கடைசியில் டிரான்ஸ்ஃபார்மரைப் பிரித்து, இ எல்லாம் ஒரு பக்கம், ஐ எல்லாம் எதிர்ப்பக்கம் அடுக்கி, நடுவில் ஒரு வெள்ளைத்தாளை வைத்து இறுக்கினேன். அன்று சாயங்காலம் குடம் குடமாகக் கேட்டது.

ஆகவே கடையில் இப்படிச் சொல்லுங்கள்: பிரைமரி 2500 ஓம், செகண்டரி (ஸ்பீக்கர் பக்கச் சுற்று) 8 ஓம், சுற்று விகிதம் சுமார் 17.7-க்கு 1. பிரைமரியையும் செகண்டரியையும் பகுதி பகுதியாகப் பிரித்து, ஒன்றின் மேல் ஒன்றாக மாற்றிச் சுற்ற வேண்டும். அப்போதுதான் ஜால்ரா சத்தம் மங்காது. ஸ்டாம்பிங் ஒரே திசையில், நடுவில் ஒரு தாள். கேட்டுப் பார்த்து இரண்டு தாளாக்கலாம். இரும்பு பெரிதாகவே இருக்கட்டும், கஞ்சத்தனம் வேண்டாம்.

குழாய் ஸ்பீக்கர் வேண்டாம் தம்பி. அது ஊர் எல்லை வரை குரலைக் கொண்டுபோகச் செய்தது, தவிலின் தொப்பி (கனத்த ஓசை தரும் பக்கம்) அதில் பாதிகூட வராது. அதற்காகக் கடையில் கிடைக்கும் சின்ன அலமாரி ஸ்பீக்கரையும் வாங்கிவிடாதீர்கள். ஒரு வாட்டுக்கு 85 டெசிபல் தரும் ஸ்பீக்கரில் 35 வாட் போட்டால் வரும் சத்தம், 95 டெசிபல் ஸ்பீக்கரில் 3.5 வாட்டிலேயே வந்துவிடும். 95-க்குக் குறையாத, பெரிய கூம்பு போட்ட ஸ்பீக்கராகத் தேடுங்கள்.

அப்பாவின் பெட்டியில் பழைய கப்பாசிட்டர்கள் இருந்தால் அவற்றைத் தொடவே வேண்டாம். 6ஜே5-க்கும் 2ஏ3-க்கும் நடுவில் வரும் கப்பாசிட்டர் கசிந்தால், பிளேட் சிவந்து வால்வு போய்விடும். எல்லாம் புதிது போடுங்கள். ராத்திரியில் உங்கள் ஊரில் கரண்ட் 250 வரை ஏறினால் 2.5 வோல்ட் ஃபிலமெண்ட்டுக்கு 2.7 போகும், அதனால் ஸ்டெபிலைசர் அவசியம்.

உள்ளே ஓடுவது 300 வோல்ட் டிசி, பிடித்தால் விடாது. சுவிட்சை அணைத்த பிறகும் கப்பாசிட்டரில் கரண்ட் நிற்கும். அதை வடித்துவிட, கப்பாசிட்டரின் குறுக்கே ஒரு பிளீடர் ரெசிஸ்டர் வையுங்கள். மீட்டரில் அளந்து பூஜ்யம் என்று பார்த்த பிறகே கையை உள்ளே விடுங்கள். வால்வு வேலை தெரிந்த ஒருவர் பக்கத்தில் இல்லாமல் முதல் தடவை சுவிட்சைப் போடாதீர்கள்.

முதல் தடவை சீரிஸ் பல்பு (கரண்ட் வரும் கம்பியில் தொடராக ஒரு பல்பு) வைத்து, ஸ்பீக்கர் கட்டிய பிறகே கரண்ட் கொடுங்கள். லோடு இல்லாமல் ஓட்டினால் டிரான்ஸ்ஃபார்மர் போய்விடலாம். எதுவும் சிவக்கவில்லை என்றால் பல்பை எடுத்துவிட்டு, 750 ஓம் ரெசிஸ்டரின் இரு முனையிலும் மீட்டரை வையுங்கள். 45-ஐ ஒட்டி நின்றால் அந்த 2ஏ3 உயிரோடு இருக்கிறது. 30-க்கும் கீழே கிடந்தால் அரை மணி நேரம் எரியவிட்டு மறுபடி அளந்து பாருங்கள். நெடுநாள் கிடந்த வால்வு சிலது மெல்ல மெல்லத்தான் எழும்பி வரும்.