வீடு கட்டுவோர் கேள்வி பதில்: கல்லைப் பிடித்திருப்பது எது?

போன இதழில் செங்கல் வாங்குவது பற்றி எழுதியதும், 'கல் சுவர் பற்றியும் சொல்லுங்கள்' என்று நிறையக் கடிதங்கள் வந்துவிட்டன. ஒன்றுபோல் இருந்த கேள்விகளைச் சேர்த்து இங்கே பதில் எழுதுகிறேன்.

கேள்வி: எங்கள் நிலத்தில் கிணறு வெட்டியபோது எடுத்த கருங்கல் குவிந்து கிடக்கிறது. அதை வைத்தே தரைத்தளச் சுவர் எழுப்ப ஆசை. மேஸ்திரி, "கருங்கல்தானே, ஒன்பது அங்குலமே தாங்கும்" என்கிறார். பொறியாளர் 15 அங்குலத்துக்குக் குறையக் கூடாது என்கிறார். அவ்வளவு கனமாகக் கட்டினால் அறை சுருங்கிவிடாதா?
– ஒரு வாசகி, அரூர்

பதில்: பொறியாளர் சொல்வதையே கேளுங்கள் அம்மா. கருங்கல் நொறுங்காது என்று மேஸ்திரி சொல்வது சரி. ஆனால் கல் சுவர் விழும்போது கல் நொறுங்கி விழுவதில்லை, கல்லும் கல்லும் பிரிந்து விழுகிறது. செங்கல் எல்லாம் ஒரே அளவு, படுக்கை சமம், ஒன்றோடொன்று மாற்றி அடுக்கினால் தானாகப் பூட்டிக்கொள்ளும். கிணற்றுக் கல்லில் இரண்டு ஒன்றுபோல் இருக்காது. ஒன்பது அங்குலத்துக்குள் உள்முகம், வெளிமுகம் இரண்டையும் நேராக நிறுத்த வேண்டுமென்றால், மேஸ்திரி தட்டையான கற்களாகப் பொறுக்கி இரண்டு பக்கமும் செங்குத்தாக நிறுத்தி, நடுவில் கலவையைக் கொட்டி மூடுவார். பார்க்க அழகாக இருக்கும். அது ஒரு சுவர் இல்லை, முதுகோடு முதுகு ஒட்டி நிற்கும் இரண்டு மெல்லிய தோல்.

இதன் விலை என்ன என்பதை 1993 செப்டம்பர் 30 விடியுமுன் மகாராஷ்டிரத்தின் கில்லாரியில் பார்த்தோம். லாத்தூர், உஸ்மானாபாத் மாவட்டங்களில் ஏழாயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள். அங்கே சுவர்கள் மெல்லியவை அல்ல, இரண்டடிக்கும் மேல் கனம். மண் கலவையில் உருண்டைக் கற்களை அடுக்கி, உள்தோலையும் வெளித்தோலையும் தைக்காமல் விட்டிருந்தார்கள். கூரைமேல் கனத்த மண் வேறு. பூமி குலுங்கியதும் வெளித்தோல் தெருவில் சரிந்தது, உள்தோல் தூங்கியவர்கள்மேல் விழுந்தது. நிலநடுக்கம் வராத பகுதி என்று அதுவரை நம்பப்பட்ட இடம் அது. ஆகவே 'நம் பக்கம் அதெல்லாம் வராது' என்று யாராவது சொன்னால் கேட்காதீர்கள்.

எனவே கனம் மட்டும் போதாது, தைக்கவும் வேண்டும். சுவரின் இந்த முகத்திலிருந்து அந்த முகம் வரை ஒரே கல்லாகப் போகும் நீளக்கற்களைக் குவியலிலிருந்து முதலிலேயே பொறுக்கித் தனியே வைத்துவிடுங்கள். வேலை தொடங்கிவிட்டால் கையில் கிடைத்த கல்லை வைத்துவிடுவார்கள், நல்ல நீளக்கல் அஸ்திவாரத்தில் போய்ப் புதைந்துவிடும். இரண்டடி உயரத்துக்கு ஒரு வரிசை, அந்த வரிசையில் நான்கடிக்கு ஒன்று என்று இவை வர வேண்டும். நீளக்கல் போதவில்லையென்றால் எட்டு மி.மீ. முறுக்குக் கம்பியை 'எஸ்' வடிவில் வளைத்துச் சுவரின் குறுக்கே கான்கிரீட்டில் பதிக்கலாம். மூலைகளிலும் ஜன்னல், கதவு ஓரங்களிலும் பெரிய, பொளிந்த கல்லாக வையுங்கள். கல்லைப் பாறையில் கிடந்த படுக்கை வாக்கிலேயே கிடத்தி வைக்கச் சொல்லுங்கள். நடுவில் விழும் பொந்துகளில் வெறும் கலவையைக் கொட்டாமல் சில்லுக் கல்லைக் கலவையோடு தட்டி இறக்க வேண்டும். ஒரு பங்கு சிமென்டுக்கு ஆறு பங்கு மணல் கலந்த கலவை போதும். ஒரு நாளில் மூன்றடிக்கு மேல் ஏற்ற விடாதீர்கள். லிண்டல் மட்டத்தில், அதாவது கதவு, ஜன்னல்களின் மேல்விளிம்பு மட்டத்தில், எல்லாச் சுவரையும் சுற்றிக் கம்பி போட்ட கான்கிரீட் பட்டை ஓட வேண்டும். ஜன்னலுக்கு மேல் மட்டும் துண்டு லிண்டல் போட்டுப் பணம் மிச்சம் பிடிக்க வேண்டாம்.

அறை பற்றிக் கேட்டீர்கள். வெளிச்சுவர் மட்டும் கல்லாக இருந்தால் போதும், உள்சுவர்களைச் செங்கல்லில் வைத்துக்கொள்ளுங்கள். அப்போது மூலை அறையில் ஒவ்வொரு திசையிலும் அரை அடிதான் குறையும். அந்த அரை அடியை ஜன்னல் திண்ணையாகத் திரும்பப் பெறலாம், பிள்ளைகள் அதில்தான் உட்கார்ந்து படிப்பார்கள்.

'கல் வீடு குளுகுளுவென்று இருக்கும்' என்பதை அப்படியே நம்ப வேண்டாம். கருங்கல் வெப்பத்தைத் தடுப்பதில்லை, தாமதப்படுத்துகிறது. பிற்பகல் முழுக்க மேற்கு வெயில் வாங்கிய சுவர் ராத்திரி எட்டு, ஒன்பது மணிக்கு அறைக்குள் சூட்டை விடும். மேற்குப் பக்கம் தாழ்வாரம் இறக்குங்கள், அல்லது ஒரு புங்க மரம் வையுங்கள். இரவில் ஜன்னலைத் திறந்து வைக்க முடிகிற வீடாக இருந்தால் கல் உங்களுக்கு நல்லதே செய்யும்.

உங்கள் நிலத்துக் கல்லை அதே நிலத்தில் பயன்படுத்துவது ஒன்று, லாரியில் ஏற்றி வேறு ஊருக்குக் கொண்டுபோவது வேறு. அதற்குக் கனிமவளத் துறையின் நடைச்சீட்டு வேண்டும். மனை வேறு இடத்தில் என்றால் முதலில் அதை விசாரியுங்கள்.

கேள்வி: எங்கள் இரண்டு மாடி வீட்டின் முகப்பு எலிவேஷனில் கிரானைட் ஒட்டியிருந்தோம். போன மழைக்குப் பிறகு மேல்மாடியிலிருந்து இரண்டு பலகை கீழே விழுந்தன, நல்லவேளை யாரும் இல்லை. ஒட்டியவர், "நல்ல பசை வைத்துத் திரும்ப ஒட்டித் தருகிறேன்" என்கிறார். விடலாமா?
– ஒரு வாசகர், திருவான்மியூர்

பதில்: விடாதீர்கள் ஐயா. இந்த இதழ் கைக்கு வந்ததும், பதிலை முழுக்கப் படிக்கும் முன்பே, சுவரிலிருந்து பத்தடிக்கு யாரும் போகாதபடி கயிறு கட்டிவிடுங்கள்.

கணக்கைப் பாருங்கள். கிரானைட் கன மீட்டருக்குச் சுமார் 2,700 கிலோ. 20 மி.மீ. பலகை என்றால் சதுர அடிக்கு ஐந்து கிலோ. மூன்றுக்கு இரண்டு அடிப் பலகை முப்பது கிலோ. முப்பது கிலோவை இருபதடி உயரத்தில் பசையை மட்டும் நம்பி மாட்டி வைத்திருக்கிறோம்.

சிமென்ட் ஒரு கல்லைப் பிடிக்க வேண்டுமானால் அந்தக் கல் கொஞ்சம் ஈரம் உறிஞ்ச வேண்டும், அதன் நுண்துளைக்குள் சிமென்ட் பால் இறங்க வேண்டும். செங்கல்லில் நடப்பது அதுதான். கிரானைட் ஏறக்குறைய உறிஞ்சுவதே இல்லை. அறுத்த முதுகு வழவழவென்று இருக்கும், அறுவைத் தூள் வேறு படிந்திருக்கும். அதைக் கழுவாமலே நான்கு மூலையிலும் நடுவிலும் ஐந்து உருண்டைக் கலவை வைத்து அமுக்கிவிடுவார்கள். விழுந்த பலகையின் முதுகைத் திருப்பிப் பாருங்கள், அந்த ஐந்து வட்டமும் தெரியும் என்று நினைக்கிறேன். மீதி இடமெல்லாம் வெற்றிடம். இணைப்பு வழியே மழை உள்ளே போய்த் தங்கும், மறுநாள் வெயிலில் கல் சுடும். நீர் நிற்பதும் சூடாவதும் ஆறுவதுமாகச் சில வருடம் போனால் உருண்டை கழன்றுவிடும். சில வீடுகளில் பசை பிடித்திருக்கும், பின்னால் இருக்கும் பூச்சே சுவரை விட்டுவிடும். அப்போது எவ்வளவு உயர்ந்த பசையும் உதவாது.

மீதிப் பலகைகளை ஒவ்வொன்றாக மரச்சுத்தியால் மெதுவாகத் தட்டச் சொல்லுங்கள். ஏணி வேண்டாம், சாரம் கட்டித்தான். 'டொக்' என்று பொள்ளல் ஓசை வருவதையெல்லாம் சாக்பீஸால் குறித்துக் கழற்றிவிடுங்கள். தரைத்தளத்தில் ஆள் உயரம் வரை மட்டும், சிறிய பலகைகளை, முதுகைக் கழுவி, பாலிமர் கலந்த பசையைப் பல்கரண்டியால் முழுப்பரப்பிலும் இழுத்து ஒட்டலாம். அதற்கு மேலே போகும் ஒவ்வொரு பலகையையும் ஸ்டெயின்லெஸ் ஸ்டீல் கிளாம்பில் உட்கார வைக்க வேண்டும். கீழ்க் கிளாம்ப் எடையைச் சுமக்கும், மேல் கிளாம்ப் முன்னால் சாயாமல் பிடிக்கும். கிளாம்பின் போல்ட் பூச்சில் நிற்கக் கூடாது, கான்கிரீட்டுக்குள் இறங்கியிருக்க வேண்டும். விளிம்பில் காடி வெட்டுவதானால் பலகை 30 மி.மீ. இருந்தால் எனக்கு நிம்மதி. பலகைகளை இடைவெளி இல்லாமல் முட்டவிடாதீர்கள், சூட்டில் விரிய இடம் வேண்டும்.

உங்கள் வீடு கடலோரத்தில் இருப்பதால் ஒன்றைக் கூடுதலாகச் சொல்கிறேன். கடையில் பொதுவாகக் கொடுக்கும் 304 ரக ஸ்டெயின்லெஸ் ஸ்டீல் உப்புக் காற்றில் புள்ளி புள்ளியாக அரிக்கும். 316 கேளுங்கள், அதில் மாலிப்டினம் சேர்ந்திருக்கிறது. காந்தம் வைத்துப் பார்த்து இரண்டையும் பிரிக்க முடியாது. பில்லோடு சோதனைச் சான்றிதழைக் கேட்டு வாங்குங்கள். பலகைக்குப் பின்னால் ஜி.ஐ. (துத்தநாகம் பூசிய இரும்பு) கட்டுக்கம்பி முடிந்து 'இதுவே கிளாம்ப்' என்று சொல்கிறவரை அன்றே அனுப்பிவிடுங்கள்.

செலவு கூடும். கூடும் பணத்துக்காகக் கல்லின் பரப்பைக் குறைத்துக்கொள்ளுங்கள், பிடிமானத்தைக் குறைக்காதீர்கள். மேல்மாடியில் வெறும் பூச்சும் பெயின்டும் இருந்தால் எந்த அழகும் கெடாது.

கேள்வி: முகப்பு முழுக்க வெள்ளை மார்பிள் பதிக்க விருப்பம். வெயிலில் ஏதாவது ஆகுமா?
– ஒரு வாசகர், சேலம்

பதில்: ஆகும். அமெரிக்காவின் சிகாகோ நகரில் 83 மாடி ஸ்டாண்டர்ட் ஆயில் கட்டடம் 1973-இல் எழுந்தபோது அதன் மேனி முழுவதும் இத்தாலியின் கராரா மார்பிள் போர்த்தினார்கள். கனம் ஒன்றே கால் அங்குலம்தான். சில வருடங்களில் பலகைகள் அப்பளம்போல் வளையத் தொடங்கின. கடைசியில் 1990 முதல் 1992 வரை சுமார் 43,000 பலகைகளையும் இறக்கிவிட்டு இரண்டு அங்குல கிரானைட் ஏற்றினார்கள். மார்பிளுக்குள் இருக்கும் கால்சைட் படிகம் சூடானால் ஒரு திசையில் நீளும், குறுக்கே சுருங்கும். பக்கத்துப் படிகம் வேறு திசையில் நீளும். ஆறும்போது அவை பழைய இடத்தில் திரும்பப் பொருந்துவதில்லை. தினமும் கொஞ்சம் கொஞ்சமாக இது சேர்ந்துகொண்டே போகும். பலகை எவ்வளவு மெல்லிசோ, அவ்வளவு சீக்கிரம் வளையும்.

உங்கள் ஊர் வெயிலுக்கு மார்பிளை வீட்டுக்குள் வைத்துக்கொள்ளுங்கள். வெளியே வெளிர் நிறம்தான் வேண்டுமென்றால் வெளிர் கிரானைட்டைப் பளபளப்பு ஏற்றாமல் சொரசொரப்பாக எடுங்கள், கண்ணும் கூசாது. மார்பிளைப் போலவே கடப்பாக் கல்லும் சுண்ணாம்பு வகைதான். வெளிச்சுவரில் அதன் கறுப்பு சீக்கிரமே சாம்பல் பூத்துவிடும்.

கேள்வி: கல் முகப்புக்கு வருடா வருடம் வார்னிஷ் அடிக்க வேண்டுமா?
– ஒரு வாசகி, ஓசூர்

பதில்: வேண்டாம். பளபளக்கும் பூச்சு வெயிலில் மஞ்சளாகி உரியும், உள்ளே போன ஈரத்தையும் வெளியே விடாது. மணற்கல்லாக இருந்தால் தண்ணீர் ஒட்டாமல் செய்யும் சிலேன் வகைத் திரவம் அடிக்கலாம். அது கல்லுக்குள் இறங்கிவிடும், மேலே படலம் கட்டாது. கருங்கல்லுக்கு அதுவும் தேவையில்லை. ஆசிட் ஊற்றிக் கழுவும் பழக்கத்தை மட்டும் விட்டுவிடுங்கள்.

கேள்வி: தாத்தா கட்டிய செம்பூராங்கல் வீடு. அடிச்சுவரில் ஈரம் ஏறியதால் உள்ளும் புறமும் மூன்றடிக்குச் சிமென்ட் பூசினோம். இப்போது ஈரம் நான்கடிக்கு ஏறிவிட்டது, பூச்சுக்குப் பின்னால் கல் மாவாக உதிர்கிறது. இடித்துவிடச் சொல்கிறார்கள்.
– ஒரு வாசகர், புதுக்கோட்டை

பதில்: தயவுசெய்து இடிக்காதீர்கள். செம்பூராங்கல் பூமிக்குள் இருக்கும்போது மண்வெட்டியால் அறுக்கலாம், வெளியே எடுத்துக் காயவிட்டால் இறுகும். நம் மேற்குக் கரையோர வீடுகளும் உங்கள் பகுதி வீடுகளும் தலைமுறை தலைமுறையாக நிற்பது அந்த இறுக்கத்தால்தான். ஆனால் அது துளைக் கல், தண்ணீர் குடிக்கும். குடித்த தண்ணீர் முகத்தின் வழியே உலர்ந்து போய்க்கொண்டிருந்தவரை சுவர் நன்றாக இருந்தது. சிமென்ட் பூசி அந்த வழியை அடைத்ததும் ஈரம் மேலே ஏறியது. அதோடு வந்த உப்பு பூச்சுக்குப் பின்னால் படிகமாகி, கல்லின் துளைகளை உள்ளிருந்தே பிளக்கிறது.

காஞ்சிபுரம் கைலாசநாதர் கோயிலுக்குப் போனால் அடிமட்டத்தைக் குனிந்து பாருங்கள். 8-ஆம் நூற்றாண்டில் ராஜசிம்மப் பல்லவன் எடுப்பித்தது. மேலே முழுவதும் மணற்கல், மண்ணைத் தொடும் வரிசைக்குக் கருங்கல். ஈரம் எங்கே வரும் என்று தெரிந்தவர்கள் எடுத்த முடிவு அது. மழை, காற்று, உப்பு எல்லாம் அந்த மணற்கல்லை எவ்வளவு தின்றிருக்கின்றன என்பதையும் அங்கேயே பார்க்கலாம்.

உங்கள் சுவருக்குச் செய்ய வேண்டியதைச் சொல்கிறேன். சிமென்ட் பூச்சை உளியால் மெதுவாகக் கொத்தி எடுங்கள், பிரேக்கர் மெஷின் வேண்டாம். உதிர்ந்த மாவைத் தேய்த்துத் துடைத்துவிட்டு ஒரு கோடை முழுக்கச் சுவரைக் காய விடுங்கள். வீட்டைச் சுற்றித் தரைமட்டம் காலப்போக்கில் உயர்ந்து பேஸ்மட்டத்தை மூடியிருக்கும், அந்த மண்ணை வெட்டி இறக்கி, கூரைத் தண்ணீர் சுவரடியில் விழாமல் வாய்க்கால் விடுங்கள். பாதி ஈரம் இதிலேயே போய்விடும். மிகவும் உதிர்ந்த கற்களை மட்டும், ஒன்று விட்டு ஒன்றாக, ஒரு நேரத்தில் ஒரு கல் என்று எடுத்துப் புதுக்கல் செருகலாம். மேலே ஆற்று மணலும் நன்றாக ஊறிய சுண்ணாம்பும் கலந்த பூச்சு, அதன்மேல் சுண்ணாம்பு வெள்ளை. பிளாஸ்டிக் பெயின்ட் ஒரு கோட்டுக்கூட வேண்டாம்.

சுண்ணாம்பு வேலை தெரிந்த கொத்தனாரைத் தேடுவதுதான் சிரமம். காரைக்குடிப் பக்கம் பழைய வீடுகளில் வேலை செய்கிறவர்களிடம் விசாரியுங்கள், உங்களுக்கு அது தூரமில்லை. மாசியில் உளியை எடுத்தால் ஆடிக் காற்றுக்கு முன் சுவர் காய்ந்துவிடும்.