மாடிக்குக் கேட்கவேண்டிய பாட்டு

ஐயா,

என் பாட்டி பாத்திரம் துலக்கும்போதெல்லாம் 'சின்னப் பெண்ணான போதிலே' பாடுவார். அசல் தமிழ்ப் பாட்டு என்றே இத்தனை வருடம் நம்பியிருந்தேன். போன வாரம் யூடியூபில் டோரிஸ் டே பாடிய 'கே சரா சரா' கேட்டேன். அச்சு அசலாக அதே மெட்டு. ஏமாந்த மாதிரி இருக்கிறது. இதைத் திருட்டு என்று சொல்லலாமா? அந்த வரி ஸ்பானிஷா, இத்தாலியனா? அதைவிட, 'நடப்பது நடக்கும்' என்று கையைக் கட்டிக்கொண்டு உட்காரச் சொல்லும் ஒரு சோம்பேறிப் பாட்டுக்கு ஆஸ்கர் எப்படிக் கொடுத்தார்கள்?

வி., திருச்சி

அன்புள்ள வி.,

திருட்டு வழக்கை முதலில் தள்ளுபடி செய்துவிடுவோம். 'கே சரா சரா' வந்த ஆங்கிலப் படம், இயக்குநர் ஹிட்ச்காக்கின் 'தி மேன் ஹூ நியூ டூ மச்', 1956. உங்கள் பாட்டியின் பாட்டு வந்த 'ஆரவல்லி' 1957. ஜி. ராமநாதன் இசை, பாடியவர்கள் ஜிக்கியும் ஏ. எம். ராஜாவும். மெட்டு அங்கிருந்து வந்ததுதான், யார் இல்லையென்றது? ராகத்திலேயே ஊறிக் கிடந்த ராமநாதனுக்கு மெட்டுப் பஞ்சம் ஒன்றும் கிடையாது. 'கே சரா சரா' விழுகிற இடத்தில் 'வெண்ணிலா நிலா' என்று உட்காரவைத்தார்களே, அப்படி ஒரு வரி நீங்கள் எழுதிக் காட்டுங்கள், பிறகு பேசலாம். பாட்டி உங்களை ஏமாற்றவில்லை. அவரை இந்த வழக்கில் சேர்க்காதீர்கள்.

அந்த வரி எந்த மொழி? உருப்படியாக எந்த மொழியும் இல்லை. பாட்டை எழுதிய இருவரில் ஒருவரான ஜே லிவிங்ஸ்டன், 1954-இல் வந்த ஒரு படத்தில் ஒரு பிரபு வீட்டுக் கல்லில் அந்த வாசகம் பொறித்திருந்ததைப் பார்த்துக் குறித்துவைத்துக்கொண்டார். அவரும் ரே எவன்ஸும் இத்தாலிய எழுத்தைக் கொஞ்சம் ஸ்பானிஷாக்கினார்கள். இரண்டு மொழியிலும் இலக்கணம் உதைக்கும். போகட்டும்.

மூன்றாவது கேள்விக்காகத்தான் எழுதுகிறேன். கொஞ்சம் கோபத்தோடுதான். நீங்கள் படத்தைப் பார்க்கவில்லை என்று உங்கள் கடிதமே சொல்கிறது. பாட்டைத் தனியாகப் பிய்த்து எடுத்துக் காதில் செருகிக்கொண்டு, 'விதிவாதம்' என்று தீர்ப்பும் எழுதியாயிற்று. தம்பி, அது ஹிட்ச்காக்கின் படத்துக்காகவே எழுதின பாட்டு. ஆஸ்கர் கொடுத்ததும் படப்பாட்டு என்ற கணக்கில்தான்.

அந்தப் படத்தில் பாட்டு முதலில் வருவது மொராக்கோவில் ஒரு ஹோட்டல் அறையில். அம்மாவாக வரும் டோரிஸ் டே பாடுகிறாள், பையன் கூடச் சேர்ந்துகொள்கிறான். தூங்கப்போகிற நேரத்து விளையாட்டு, அவ்வளவுதான். பிறகு பையனைக் கடத்திவிடுகிறார்கள். கடைசியில் அவன் லண்டனில் ஒரு தூதரகத்தின் மாடியில் அடைபட்டிருக்கிறான். கீழே விருந்து. அவள் பழைய பாடகி என்பதால் பாடச் சொல்கிறார்கள். பியானோ முன் உட்கார்ந்து இதே பாட்டை எடுக்கிறாள். ஆனால் விருந்தில் பாடுகிற குரலா அது? தேவைக்கு மேல் சத்தம். உட்கார்ந்திருக்கும் பெரிய மனிதர்கள் கொஞ்சம் நெளிகிறார்கள். கேமரா அவளை விட்டுவிட்டுப் படிக்கட்டில் ஏறுகிறது, பாட்டும் கூடவே ஏறி, வர வரத் தேய்ந்து, ஒரு மூடிய கதவுக்குப் பின்னால் போய்ச் சேர்கிறது. பையன் கேட்கிறான். விசிலடிக்கிறான். கீழே அவள் முகத்தைப் பாருங்கள், பாடிக்கொண்டே இருக்கவேண்டும், நிறுத்தவும் முடியாது, அழவும் முடியாது.

வாய் 'நடப்பது நடக்கும்' என்கிறது. குரல் 'நடக்க விடமாட்டேன்' என்கிறது. இதில் எங்கே சோம்பேறித்தனம்?

டோரிஸ் டேயே இதைக் குழந்தைப் பாட்டு என்றுதான் முதலில் நினைத்தார், பெரிய ஆர்வம் காட்டவில்லை. அவர் பாடகியானதே ஒரு விபத்தால். 1937-இல், பதினைந்து வயதில், அவர் இருந்த கார் மேல் ரயில் மோதிக் கால் உடைந்தது. நடனக்காரியாக வேண்டும் என்றிருந்த பெண். படுக்கையில் கிடந்தபடி ரேடியோவில் ஜாஸ் பாடகி எல்லா ஃபிட்ஸ்ஜெரால்டைக் கேட்டுக் கூடவே பாடிப் பழகினார். அவர் தொண்டையில் இந்த வரி வேறு மாதிரி ஒலிப்பதில் ஆச்சரியம் இல்லை.

போன மாதம் ஊர் வீட்டை விற்றோம். அதிலிருந்து இந்தப் பாட்டுதான் மனதில் ஓடிக்கொண்டிருக்கிறது. உங்கள் கடிதம் சரியாக அதற்குள் வந்து விழுந்தது.

எங்கள் வீட்டில் கக்கூஸ் கொல்லைக் கோடியில். நடுவில் கிணறு, துவைக்கிற கல், ஒரு முருங்கை மரம். ராத்திரியில் முருங்கைக் கிளை ஆடினாலே எனக்கு வயிறு கலங்கும். அரிக்கேனைக் கையில் கொடுத்துவிட்டு அம்மா அடுப்படி வாசற்படியில் நிற்பாள். கூட வா என்றால் வரமாட்டாள், "ஆம்பளப் பய, போயிட்டு வாடா" என்பாள். ஆனால் நான் நாலு எட்டு வைத்ததும் ஆரம்பித்துவிடுவாள், 'சின்னப் பெண்ணான போதிலே'. அவளுக்கு முதல் அடிகள் மட்டும்தான் தெரியும். முடிந்ததும் திரும்ப முதலிலிருந்து. சுருதி பிசகும். பக்கத்து வீட்டில் சிரிப்பார்கள். உள்ளே இருந்து நான் தகரக் குவளையால் வாளி விளிம்பை இரண்டு தட்டு தட்டுவேன். இருக்கிறேன் என்று அர்த்தம். தட்டு கேட்காவிட்டால் அம்மா இன்னும் உரக்கப் பாடுவாள். சில நாள் அதற்காகவே தட்டாமல் இருந்திருக்கிறேன்.

பத்திரம் பதிந்த அன்று அடுப்படி வாசலில் இருந்து அந்த இடம் வரை நடந்து பார்த்தேன். இருபத்திரண்டு எட்டு. அப்போது அது எவ்வளவு தூரமாக இருந்தது!

உங்கள் பாட்டி பாத்திரம் துலக்கும்போதெல்லாம் பாடுவார் என்கிறீர்கள். அந்த நேரத்தில் நீங்கள் வீட்டில் எங்கே இருப்பீர்கள்? அதை எழுதுங்கள்.