ரோட்டுல ஷாக் அடிச்சு செத்தா, கரண்ட் கம்பெனி தப்புன்னு நாமதான் நிரூபிக்கணுமா?

கம்பத்துல கரண்ட் பாஞ்சு அப்பா இறந்துட்டாரு, அவர் பாத்து போயிருக்கணும்னு கம்பெனில சொல்றாங்க, கேஸ் நிக்குமான்னு கேட்டிருக்கீங்க. அந்த "பாத்து போயிருக்கணும்"ங்கற வார்த்தைய படிச்சதும் எனக்கு கையும் ஓடல காலும் ஓடல. எங்க மாமா, அதான் அக்கா வீட்டுக்காரர், அவருக்கும் அதையேதான் சொன்னாங்க.

பதில முதல்லயே சொல்லிடறேன். கம்பெனிக்காரங்க கவனக்குறைவா இருந்தாங்கன்னு நீங்க நிரூபிக்கத் தேவையில்ல, அவங்க லைன் கரண்டாலதான் உயிர் போச்சுன்னு காட்டினா போதும். நான் வக்கீல் இல்ல, ஆனா ஆறு வருஷம் அக்காவோட கோர்ட் வராண்டாவுல உக்காந்தவன், அதனால "தெரியாம பேசாதே"ன்னு யாரும் வராதீங்க. மீட்டர் தாண்டி வீட்டுக்குள்ள இருக்குற வயரிங்ல நடந்திருந்தாலோ, இறந்தவரே கொக்கி போட்டிருந்தாலோ விஷயம் வேற, அதுவும் எனக்கு தெரியும்.

மாமா பெயின்டர். 2018 ஆகஸ்ட்ல ஒரு ராத்திரி நல்ல மழை, பெங்களூர் அல்சூர் பக்கம் எங்க சந்துல முழங்கால் தண்ணி, வேலை முடிஞ்சு வந்தவர் வழுக்காம இருக்க கம்பத்தோட ஸ்டே வயர பிடிச்சிருக்காரு, அவ்ளோதான். கம்பம் சாயாம இருக்க தரையில இழுத்து கட்டுவாங்களே அந்த முறுக்கு கம்பி. அதுக்கு நடுவுல முட்டை மாதிரி ஒரு பீங்கான் இருக்கணும், மேல கரண்ட் கசிஞ்சாலும் அது கீழ இறங்க விடாது. எங்க கம்பில அந்த பீங்கானே இல்ல. பத்தாததுக்கு கேபிள் டிவி வயர் வேற அதுல சுத்தி கிடந்துச்சு.

கம்பெனிக்காரங்க அந்த கேபிளத்தான் பிடிச்சிக்கிட்டாங்க, எவனோ கட்டின வயருக்கு நாங்க எப்படி பொறுப்புன்னு. நாலாம் நாள் ஒருத்தர் வீட்டுக்கே வந்து கன்னடத்துல டைப் அடிச்ச பேப்பர நீட்டி, கையெழுத்து போட்டா ஒரு தொகை வரும்னாரு. எனக்கு கன்னடம் பேச வரும், படிக்க வராது. எதிர் வீட்டு அம்மா வாங்கி படிச்சுட்டு, "முழு நஷ்டஈடும் வாங்கிட்டேன், இனி எதுவும் கேக்க மாட்டேன்னு இருக்கு, போடாதீங்க"ன்னாங்க. அந்தம்மா இல்லன்னா அன்னிக்கே எல்லாம் முடிஞ்சிருக்கும்.

அப்புறம்தான் 2002ல சுப்ரீம் கோர்ட் கொடுத்த தீர்ப்பு பத்தி தெரிஞ்சுது. மத்தியப் பிரதேச மின்வாரியம் கேஸ். மழை ராத்திரி சைக்கிள்ல வந்தவர் ரோட்டுத் தண்ணில கிடந்த கம்பில பட்டு இறந்துட்டாரு. எவனோ திருட்டுத்தனமா இழுத்த வயர்னு வாரியம் சொன்னத கோர்ட் ஏத்துக்கல. ஆபத்தான பொருள வச்சு தொழில் பண்றவன், அது வெளிய வந்து ஆள கொன்னா பொறுப்பு ஏத்துக்கணும், மூணாவது ஆள் மேல தள்ள முடியாதுன்னுட்டாங்க. எங்க வக்கீல் இதத்தான் முதல்ல எடுத்து வச்சாரு. வக்கீலுக்கு நாங்க பைசா கொடுக்கல. பெண்களுக்கு வருமானம் பாக்காமலே இலவச வக்கீல் தரணும்னு 1987 சட்டம் இருக்கு, சட்டப்பணிகள் ஆணையத்துல போய் கேளுங்க.

போலீஸ் பேப்பர் மட்டும் பத்தாது. ஆள் செத்தா 24 மணி நேரத்துல மின் ஆய்வாளருக்கு கம்பெனி தகவல் கொடுக்கணும், அவர் கம்பெனி ஆள் கிடையாது, அரசாங்கத்துல தனி துறை. அந்த ரிப்போர்ட்ட எப்படியாவது வாங்குங்க. இறந்த நாள்லருந்து ரெண்டு வருஷத்துக்குள்ள சிவில் கோர்ட்ல கேஸ் போட்டுடணும். ஹைகோர்ட்ல நேரா ரிட்னு ஒரு மனு போடலாம்பாங்க, ஆனா நடந்தத பத்தியே தகராறு இருந்தா சிவில் கோர்ட்டுக்கு போன்னுடுவாங்க.

இத கேக்கல நீங்க, ஆனாலும் சொல்லணும். அக்கா ஆதார் திருப்பத்தூர் அட்ரஸ். வாரிசு சான்றிதழுக்கு இங்க நாடகச்சேரில, அதாவது கர்நாடகா வருவாய்த்துறை ஆபீஸ்ல, உங்க ஊருக்கு போன்றாங்க, ஊர் தாசில்தார் ஆபீஸ்ல செத்தது பெங்களூர்தானேங்கறாங்க. இருபது வருஷம் இந்த ஊர் சுவத்துக்கெல்லாம் பெயின்ட் அடிச்ச மனுஷன், அவர் பொண்டாட்டி யாருன்னு காட்ட எட்டு மாசம் பஸ்ல அலைஞ்சோம்.

இன்னொன்னு, சொந்தக்காரங்களே "குடிச்சிருப்பான்"னாங்க. போஸ்ட்மார்ட்டம்ல அப்படி ஒண்ணும் இல்ல. 2023 நவம்பர்ல ஒயிட்ஃபீல்ட் ஹோப் ஃபார்ம் கிட்ட, தீபாவளிக்கு ஊருக்கு போயிட்டு வந்த பொண்ணும் ஒன்பது மாச கைக்குழந்தையும் ஃபுட்பாத்துல அறுந்து கிடந்த கம்பிய மிதிச்சு போனாங்களே, அந்த குழந்தை எத பாத்து நடந்திருக்கணும்?

போன வருஷம் எங்களுக்கு சாதகமா தீர்ப்பு வந்துச்சு. அவங்க அப்பீல் போயிருக்காங்க, நாங்களும் விடல. மாமாவ எடுத்த அன்னிக்கு சாயங்காலமே ஆள் வந்து அந்த ஸ்டே வயர்ல புது பீங்கான் மாட்டி, கேபிள வெட்டிட்டு போயிட்டாங்க. அதுக்கு முன்னாடி அயர்ன் வண்டி அண்ணன் போன்ல எடுத்த ஒரு போட்டோதான் எங்ககிட்ட இருந்த சாட்சி. உங்க கம்பத்த இன்னும் சரி பண்ணலன்னா, இத படிச்சு முடிச்சதும் யாரையாவது அனுப்பி போட்டோ எடுக்க சொல்லுங்க, கம்பத்து நம்பர் தெரியற மாதிரி. கிட்ட போகாம எடுக்க சொல்லுங்க.